சித்தாமூரிலிருந்து பம்பாய்க்குச் சென்ற கதைகள்

வெள்ளிவிழா மலருக்கு ஒரு வரலாற்றுக் கட்டுரை எழுதித் தருமாறு மலர்க்குழுவினர் பணித்தபோது, எவரைப் பற்றி எழுதுவது என்று சில நாள்கள் தயங்கினேன். கல்விச் சங்கத்தின் மலர் ஆதலால் கல்வியாளர் ஒருவரைப் பற்றியோ சமுதாயத் தொண்டர் ஒருவரைப் பற்றியோ எழுதுவதே முறை என்றனர் நண்பர்கள். அத்தகைய கட்டுரைகளை எழுத என்னினும் தகுதியுடையோர் நம்மிடையே உளர். நான் எடுத்துக்கொண்டது திரைப்படக் கதாசிரியர் ஒருவரின் வரலாறு. கல்வி மலரில் சினிமாவா என்று முகம் சுளிக்கும் பெரியவர்கள் சற்றுப் பொறுத்தருள வேண்டும்.

சிறுபாணாற்றுப்படை கூறும் எயிற்பட்டினம் நமது மரக்காணமே என்பது அறிஞர் பலரின் கருத்து. அந்நூலைப் பாடிய நத்தத்தனார் பெயர் நமக்குத் தெரியும். பாடல்பெற்ற ஓய்மானாட்டு நல்லியக்கோடன் பெயரும் தெரியும். உப்பு வண்டி ஓட்டிச் சென்ற உமணரும் அந்நூலில் வருகின்றனர். ஆனால் அவர்களுள் ஒருவர் பெயரும் நமக்குத் தெரியாது. இன்றும் அப்படித்தான். வெயில் ஏற ஏறப் பாத்தியில் உப்பு விளைகிறது. அதை வாரி, வரப்பில் குவித்து, தலையில் சுமந்து அம்பாரத்தில் கொட்டுகிறவர்கள் நம் வீட்டு ஆண்களும் பெண்களும். மூட்டை ஊர் ஊராய்ப் போகிறது; வாரியவர் பெயர் அதில் இல்லை. திரைப்படத் தொழிலிலும் இவ்வாறு உழைப்பு தெரிய, பெயர் தெரியாமல் போகிறவர் ஒருவர் உண்டு. அவரே கதையை எழுதுகிறவர். நடிகரின் பெயரைக் குழந்தையும் சொல்லும். பாடகரின் பெயரை வானொலி சொல்லும். எழுதியவர் யாரென்று எவரும் கேட்பதில்லை. அந்தப் பெயரைக் கேட்கும் பழக்கம் நம் இளைஞர்களுக்கு வேண்டும் என்பதற்காகவே இக்கட்டுரை.

அவருடைய ஊர் நமக்குத் தொலைவில் இல்லை. நம் உப்பளக் கரையிலிருந்து வடக்கே மதுராந்தகம் வட்டாரத்தில் உள்ள சித்தாமூர்தான் அது. ஒரு பேருந்துப் பயணத் தொலைவு. 1933 ஜூலை 22ஆம் நாள் அங்கே பிறந்த ஸ்ரீதரின் கதைகள் தமிழ்நாட்டைக் கடந்து பம்பாய்க்குச் சென்றன; இந்திப் படவுலகின் பெரும் நடிகர்கள் அவற்றில் நடித்தனர். அது எவ்வாறு நிகழ்ந்தது என்பதை அறிய, அவருக்கு முன் இருந்த நிலையைச் சற்றுச் சொல்லியாக வேண்டும்.

1931இல் 'காளிதாஸ்' வெளிவந்தபோது தமிழ்ப் படம் பேசத் தொடங்கியது என்கிறோம். உண்மையில் அது பாடத்தான் தொடங்கியது. அடுத்த சில ஆண்டுகளில் வந்த படங்கள் எல்லாம் நாடக மேடையிலிருந்து இறக்கிவைத்த பாட்டுக் குவியல்கள். பாட்டுக்கும் பாட்டுக்கும் இடையே நிரப்பிய பேச்சை எழுதியவருக்கு மதிப்பு ஏதும் இல்லை. இந்நிலையை மாற்றியவர் செங்கற்பட்டுக்காரர் ஒருவர். தணிகாசலம் என்பது அவர் பெயர். இளங்கோவன் என்பது அவர் எழுத்துலகில் பூண்ட பெயர். 'மணிக்கொடி' இதழோடு தொடர்புகொண்டிருந்த அவர், எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'அம்பிகாபதி'க்கு 1937இல் வசனம் எழுதினார். வசனகர்த்தாவின் பெயர் சிறப்பாக விளம்பரம் பெற்றது அப்படத்திலிருந்துதான். 1942இல் அவர் எழுதிய 'கண்ணகி'யில் தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட கண்ணாம்பா முழங்கிய தமிழைக் கேட்கவே மக்கள் திரும்பத் திரும்பக் கொட்டகைக்குச் சென்றனர். 1944இல் வெளிவந்து மூன்று தீபாவளிகளைக் கண்ட 'ஹரிதா'ஸும் அவர் எழுதியதே.

அவர் திறந்த வழியில்தான் பின்னர் பெருவெள்ளம் வந்தது. அறிஞர் அண்ணாவின் 'நல்லதம்பி', 'வேலைக்காரி' ஆகியவை 1949இல் வந்தன. கலைஞர் மு. கருணாநிதியின் 'மந்திரிகுமாரி' 1950இலும், 'பராசக்தி' 1952 தீபாவளிக்கும் வந்தன. கதை வசனப் புத்தகங்கள் கொட்டகை வாயிலில் விற்கப்பட்டன. இசைத்தட்டில் வசனம் ஒலித்தது. திருமண வீடுகளில் பாட்டுக்குப் பதிலாக நீதிமன்றக் காட்சியை ஒலிபெருக்கியில் வைத்தனர்.

இந்த வசன காலம் நம் மக்களுக்குச் செய்த நன்மையைக் குறைத்து மதிப்பிடுவோர் உண்டு. வெறும் அடுக்குமொழி என்று ஒதுக்குவர். நான் அவ்வாறு ஒதுக்கமாட்டேன். என் சிறு வயதில் எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருந்தார். எழுத்தறியாதவர், கூலி வாங்கும்போது கைநாட்டு வைப்பவர். 'பராசக்தி'யின் நீதிமன்ற வசனத்தை அவர் முதலிலிருந்து கடைசிவரை ஒரு சொல் பிசகாமல் ஒப்பிப்பார். பகலில் அவர் ஊர்ப் பெரியவர்கள் முன்னே நிமிர்ந்து நின்று பேசி நான் கண்டதில்லை. இரவில், களத்து மேட்டில், எங்களைச் சுற்றி அமரவைத்துக்கொண்டு, இல்லாத நீதிபதியை நோக்கிக் கை நீட்டிப் பேசுவார். பள்ளிக்கூடம் அவருக்குக் கொடுக்காத தமிழை ஒரு கதாசிரியர் கொடுத்தார். அந்தக் கடனை மறப்பதற்கில்லை.

ஆயினும் வசனத்துக்கு ஓர் எல்லை உண்டு. பிறந்த மொழியை விட்டு அது எளிதில் வெளியேறாது. எதுகையும் மோனையும் மொழிபெயர்ப்பில் உதிர்ந்துவிடுகின்றன. 'மனோகரா' 1954இல் தமிழோடு தெலுங்கிலும் இந்தியிலும் எடுக்கப்பட்டது. தமிழில் அடைந்த வெற்றி மற்ற இரண்டிலும் கிட்டவில்லை. இந்த எல்லையைத் தாண்டிய முறையிலேதான் ஸ்ரீதரின் தனிச்சிறப்பு இருக்கிறது.

ஸ்ரீதர் படித்ததும் செங்கற்பட்டில்தான். பள்ளி நாள்களிலேயே நாடகம் எழுதி நடிப்பதில் ஈடுபட்டவர். பின்னாளில் 'சித்ராலயா' கோபு என்று புகழ்பெற்ற சடகோபன் அவருடைய பள்ளித் தோழர். கதையைக் கையில் வைத்துக்கொண்டு படநிறுவனங்களை நாடிய அந்த இளைஞருக்குக் கதவு உடனே திறந்துவிடவில்லை. டி. கே. எஸ். சகோதரர்களே அவருடைய 'ரத்தபாச'த்தை மேடையேற்றினர். அது 1954இல் படமாகியது. இயக்கியவர், முன்பு 'கண்ணகி'யை இயக்கிய அதே ஆர். எஸ். மணி. கதை வசனம் எழுதிய ஸ்ரீதருக்கு அப்போது வயது இருபத்தொன்றுக்கு மேல் இராது.

அந்தக் கதையையே ஏவி.எம். நிறுவனத்தார் 'பாய் பாய்' என்ற பெயரில் இந்தியில் எடுத்து 1956இல் வெளியிட்டனர். அசோக் குமாரும் கிஷோர் குமாரும் நடித்தனர். ஆக, முதற் கதையே பம்பாய்ப் படவுலகை எட்டிவிட்டது. அதே 1956இல் அவர் எழுதிய 'அமரதீபம்' தமிழில் வந்தது. இரண்டாண்டுகள் கழித்து, தேவ் ஆனந்த் நடிக்க, சிவாஜி கணேசனின் தயாரிப்பில் 'அமர் தீப்' ஆயிற்று. ஒன்றை மறைக்காமல் சொல்லவேண்டும்: 'அமரதீப'த்தின் மூலக்கரு ஓர் ஆங்கிலப் படத்திலிருந்து வந்தது. 1958இல் அவர் வசனம் எழுதிய 'உத்தமபுத்திர'னுக்கும் வேர் பிரெஞ்சு நாவல் ஒன்றில் இருக்கிறது. இங்கிருந்து கதை வெளியே போனதுபோல் வெளியிலிருந்தும் இங்கே வந்தது. கடல் வாணிகம் நடந்த கரையில் வாழ்கிற நமக்கு இதில் வியப்பு இல்லை.

எழுதுவதோடு நின்றிருந்தால் அவர் நல்ல வசனகர்த்தாக்களுள் ஒருவராக இருந்திருப்பார். 1959 ஏப்ரலில் வீனஸ் பிக்சர்ஸ் வெளியிட்ட 'கல்யாண பரிசு' அவரை இயக்குநர் ஆக்கியது. அப்போது அவருக்கு இருபத்தைந்து வயது. ஒரே வீட்டில் அக்காளும் தங்கையும். இருவர் மனமும் ஒருவனையே நாடுகிறது. தங்கை விட்டுக்கொடுக்கிறாள், அக்காளை அவன் மணக்கிறான், அக்காள் இறந்துபோகிறாள். தங்கைக்கு வேறொருவரோடு திருமணம் முடிந்த வேளையில் அவன் வந்து, தன் குழந்தையையே மணப்பரிசாகக் கொடுத்துவிட்டு நடந்து போய்விடுகிறான்.

இந்தக் கடைசிக் காட்சியை வேறொருவர் எழுதியிருந்தால், கதாநாயகன் நான்கு பக்கம் பேசிவிட்டுத்தான் போயிருப்பான். ஸ்ரீதர் எழுதியபோது குழந்தை கைமாறுவதே பேச்சாகிவிடுகிறது. தமிழ் தெரியாத ஒருவருக்கும் அது விளங்கும். விளங்கியதற்குச் சான்று, மறு ஆண்டே தெலுங்கில் 'பெள்ளி கானுக' வந்ததும், 1961இல் இந்தியில் ராஜ் கபூரும் வைஜயந்திமாலாவும் நடிக்க 'நஜ்ரானா' வந்ததும். இரண்டையும் ஸ்ரீதரே இயக்கினார். தம்முடைய கதையைப் பிறர் கையில் விட்டுவிடாமல் தாமே ஏந்திக்கொண்டு பம்பாய் சென்றதில் ஒரு நுட்பம் இருக்கிறது. கதை விலைபோன பின் எழுத்தாளனை மறந்துவிடுவது அத்தொழிலின் வழக்கம். இயக்குநராகிவிட்டால் மறக்க முடியாது.

(அதே படத்தில் தங்கவேலு பெரிய எழுத்தாளராகத் தம்மைச் சொல்லிக்கொண்டு மனைவியையும் மாமனாரையும் ஏய்ப்பதையும், இல்லாத 'மன்னார் அண்ட் கம்பெனி'யில் வேலை பார்ப்பதாகக் கதைவிடுவதையும் நினைத்து இன்றும் சிரிக்கிறோம். எழுத்தாளன் என்று சொல்லிக்கொள்வது எவ்வளவு எளிது என்பதை எழுத்தாளர் ஒருவரே கேலி செய்தார்.)

1961இல் 'சித்ராலயா' நிறுவனத்தின் சார்பில் 'தேன் நிலவு' வந்தது. காஷ்மீரின் அழகு அதில் உண்டு; கதை சுமார். நான் நிறுத்திப் பேச விரும்புவது 1962இல் வந்த 'நெஞ்சில் ஓர் ஆலயம்' பற்றித்தான்.

ஒரு மருத்துவமனை. புற்றுநோயால் வாடும் வேலு என்பவரை அவர் மனைவி சீதா அங்கே கொண்டுவந்து சேர்க்கிறாள். அறுவை செய்யவேண்டிய மருத்துவர் முரளி, ஒரு காலத்தில் அவளைக் காதலித்தவர். கணவர் பிழைக்க வேண்டுமே என்பது அவள் கவலை. தம் கையால் அவர் இறந்துவிட்டால் உலகம் என்ன சொல்லும், தம் மனமே என்ன சொல்லும் என்பது மருத்துவரின் கவலை. தாம் இறந்தால் அவள் மருத்துவரையே மணந்துகொள்ள வேண்டும் என்பது கணவரின் வேண்டுகோள். மூவரும் நல்லவர்கள். வில்லன் இல்லை, சண்டை இல்லை, அரண்மனை இல்லை. இறுதியில் அறுவை வெற்றி பெறுகிறது. ஓய்வின்றி உழைத்த மருத்துவர்தாம் உயிர் நீக்கிறார்.

முத்துராமன், தேவிகா, கல்யாண்குமார் ஆகிய மூவரும் அந்நாளில் கூட்டம் கூட்டும் நட்சத்திரங்கள் அல்லர். ஏறக்குறைய முழுப்படமும் மருத்துவமனை அரங்கு ஒன்றுக்குள்ளேயே, ஒரு மாத காலத்துக்குள் எடுக்கப்பட்டது. ஏ. வின்சென்ட்டின் ஒளிப்பதிவு, விசுவநாதன்–ராமமூர்த்தியின் இசை ஆகியவற்றின் பங்கு பெரிது. எனினும் அவர்கள் அனைவருக்கும் வேலை கொடுத்தது எழுதப்பட்ட அந்த நிலைமைதான்.

திரைக்கதை என்றால் என்ன என்று மாணவர்கள் சில வேளை என்னைக் கேட்பதுண்டு. இப்படத்தைக் கொண்டே விளக்குவேன். கதை என்பது நடந்தது. வசனம் என்பது பேசியது. திரைக்கதை என்பது எது முன்னே, எது பின்னே, யாருக்கு எது எப்போது தெரிய வருகிறது என்ற வைப்பு. மனைவிக்கும் மருத்துவருக்கும் இருந்த பழைய உறவு கணவருக்குத் தெரியாதிருக்கும் வரை ஒரு கதை. தெரிந்த பின் வேறொரு கதை. அந்த ஓரிடத்தை எங்கே வைப்பது என்று தீர்மானிக்கிறவனே திரைக்கதை ஆசிரியன். பாத்திக்குத் தண்ணீர் விடுவதை ஒரு நாள் முன்பின் ஆக்கினாலும் உப்பின் தரம் மாறிவிடுவதை அறிந்த நம் பெரியவர்களுக்கு இதை விளக்கவே வேண்டுவதில்லை.

அந்த வைப்புக்கு மொழி இல்லை. 1963இல் ராஜேந்திர குமார், மீனா குமாரி, ராஜ்குமார் நடிக்க 'தில் ஏக் மந்திர்' என்று ஸ்ரீதரே அதை இந்தியில் எடுத்தார். உரையாடலை வேறொருவர் இந்தியில் எழுதினார். ஆனால் மக்கள் அழுத இடங்கள் எல்லாம் தமிழில் எங்கே அழுதார்களோ அதே இடங்கள். பின்னர் தெலுங்கு, மலையாளம், கன்னடம் ஆகிய மொழிகளிலும் அக்கதை எடுக்கப்பட்டது. சென்னையை அறியாத, சித்தாமூர் எனும் பெயரையே கேட்டிராத மக்கள், அவ்வூரில் பிறந்த ஒருவர் மனத்தில் தோன்றிய ஒரு நிலைமைக்காகக் கண்ணீர் விட்டனர். இந்தியா போன்ற பல மொழி நாட்டில் தேசியத் திரைப்படம் என்று ஒன்று உண்டென்றால், அது இத்தகைய கதைகள் மொழி மாறிப் பயணம் செய்ததால் உண்டானதே என்பேன்.

அழவைப்பது எளிது, சிரிக்கவைப்பது அரிது என்பர். 1964இல் வந்த 'காதலிக்க நேரமில்லை'யை நான் டூரிங் கொட்டகையில் தரை டிக்கெட்டில் பார்த்தேன். மணலைக் குவித்து மேடாக்கி அமர்ந்தால்தான் முன்னே இருப்பவர் தலை மறைக்காது. அப்பாவாகிய பாலையாவிடம், படம் எடுக்கப் பணம் கேட்கும் மகன் நாகேஷ் ஒரு பேய்க் கதையைச் சொல்வார். கதை என்று அதில் ஒன்றும் இல்லை. வசனமும் பெரிதாக இல்லை. ஒலியும் சைகையும் மட்டுமே. கேட்கும் பாலையாவின் முகத்தில் அச்சம் படிப்படியாக ஏறும். அன்று கொட்டகையே குலுங்கியது. கீற்றுப் பந்தலுக்கு வெளியே கடலை விற்றுக்கொண்டிருந்த கிழவியும் உள்ளே எட்டிப் பார்த்துச் சிரித்தாள்.

பல ஆண்டுகள் கழித்துத்தான் எனக்கு விளங்கியது, அது சிரிப்புக் காட்சி மட்டும் அன்று, எழுத்துத் தொழிலைப் பற்றிய பாடமும் ஆகும் என்பது. கதை, சொல்பவன் வாயில் இல்லை. கேட்பவன் முகத்தில் இருக்கிறது. இக்காட்சிக்கு உரிய பாராட்டில் உடன் எழுதிய கோபுவுக்கும் பங்கு உண்டு; அதைச் சொல்லாமல் விட்டால் இக்கட்டுரையின் நோக்கமே கெட்டுவிடும். 1966இல் 'பியார் கியே ஜா' என்று ஸ்ரீதர் இதை இந்தியில் எடுத்தபோது நாகேஷின் இடத்தில் மஹ்மூது நடித்தார். நகைச்சுவை நடிப்புக்கென்று பிலிம்பேர் இதழ் பரிசு வழங்கத் தொடங்கிய முதல் ஆண்டில், அந்த முதல் பரிசு மஹ்மூதுக்கு இவ்வேடத்திற்காகவே கிடைத்தது.

பரிசு நடிகருக்கு, எழுதியவர் பெயர் எத்தனை பேர் நினைவில் நின்றது? இந்தி உலகிலும் இக்குறை நெடுநாள் இருந்தது. 1973இல் 'சஞ்சீர்' வெளியானபோது, கதை எழுதிய சலீம்–ஜாவேத் இருவரும் சுவரொட்டிகளில் தம் பெயர் இல்லாமை கண்டு, ஆள் வைத்துப் பம்பாய் நகரச் சுவரொட்டிகளின்மேல் தம் பெயரைத் தாமே எழுதச் செய்தனர். அதன்பின் 1975இல் 'தீவார்', 'ஷோலே' வந்தபோது அவர்கள் பெயர் எங்கும் இருந்தது. உழைத்தவன் தன் பெயரைத் தானே எழுதிக்கொள்ள வேண்டியிருந்த இந்நிகழ்ச்சியைப் படித்தபோது, நம் தெருப் பெரியவரின் கைநாட்டே என் நினைவுக்கு வந்தது.

ஸ்ரீதரின் பிற்கால வரலாற்றை நீட்டிக்க விரும்பவில்லை. 1965இல் 'வெண்ணிற ஆடை' வாயிலாக ஜெயலலிதாவைத் தமிழ்த் திரைக்கு அறிமுகப்படுத்தினார். 1967இல் 'நெஞ்சிருக்கும் வரை'யில் நடிகர்களை ஒப்பனையின்றி நடிக்கவைத்தார். 1969இல் 'சிவந்த மண்'ணுக்காக வெளிநாடு சென்றார். படங்கள் பெரிதாகப் பெரிதாக, சிறிய அறைக்குள் மூன்று மனங்களை மோதவிட்ட பழைய எழுத்தாளர் அவற்றில் சற்று மறைந்துபோனார் என்பது என் கருத்து. 1978இல் 'இளமை ஊஞ்சலாடுகிறது' அவரைப் பழைய பாதையில் மீண்டும் காட்டியது. 2008 அக்டோபர் 20ஆம் நாள் சென்னையில் மறைந்தார்.

இனி, நம் சமுதாய இளைஞர்களிடம் மனம்விட்டுச் சொல்லவேண்டிய ஒன்று உண்டு. ஸ்ரீதர் நம் வட்டாரத்தில் பிறந்தவர். நம் தெருவில் பிறந்தவர் அல்லர். அவர் எழுதிய வீடுகளுக்குள் மணலில் அமர்ந்தபடியே நான் பன்முறை சென்றுவந்திருக்கிறேன். மாடிப்படி, வீணை, கண்ணாடிச் சன்னல், கார் நிற்கும் முன்றில், எல்லாம் எனக்குப் பழக்கம். அவ்வீடுகளின் கொல்லைப்புறத்துக்கேனும் நம்மவர் ஒருவர் வந்துபோனதாக எனக்கு நினைவில்லை. 1977இல் 'மீனவ நண்ப'னை அவர் எம். ஜி. ஆரை வைத்து எடுத்தபோது கடற்கரை வந்தது. கரைவாழ் மக்களும் வந்தனர். ஆனால் அவர்களைக் காக்க ஒரு நண்பர் வரவேண்டியிருந்தது. இதை நான் குற்றமாகக் கூறவில்லை. எவரும் தாம் அறிந்த வீட்டையே எழுதுவர். நம் வீடு எழுதப்படவில்லை என்றால், எழுதும் இடத்தில் நம்மவர் இல்லை என்பதே அதன் பொருள்.

அதற்கும் முன் நந்தனார் கதை பலமுறை படமாயிற்று. 1935இல் கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராக நடித்தார். 1942இல் ஜெமினி எடுத்த படத்தில் தண்டபாணி தேசிகர் நடித்தார். பாட்டும் பக்தியும் உருக்கமானவை என்பதில் ஐயமில்லை. ஆயினும் அக்கதையில் நம்மவர் ஒருவர் வாயிலில் நின்று ஏங்குகிறார். தீக்குள் புகுந்து வந்த பின்னரே உள்ளே விடப்படுகிறார். கதையை அவ்வாறு வைத்தவர்கள் வாயிலுக்கு உள்ளே இருந்தவர்கள். வேறு வகையில் வைக்கலாம் என்று காட்ட எழுபது ஆண்டுகள் ஆயின. 2012இல் 'அட்டகத்தி', 2014இல் 'மெட்ராஸ்', 2021இல் 'சார்பட்டா பரம்பரை' ஆகிய படங்களை எழுதி இயக்கிய பா. இரஞ்சித், நம் மக்களை ஏங்குபவர்களாக அன்றி, காதலிப்பவர்களாகவும் பந்து விளையாடுபவர்களாகவும் குத்துச்சண்டை போடுபவர்களாகவும், ஒரு சுவருக்காகச் சண்டையிடுபவர்களாகவும் எழுதினார். அவருடைய நீலம் நிறுவனத்தின் தயாரிப்பில் மாரி செல்வராஜ் எழுதி இயக்கிய 'பரியேறும் பெருமாள்' 2018இல் வந்தது.

அப்படத்தின் கடைசிக் காட்சி உங்களில் பலருக்கு நினைவிருக்கும். சட்டம் படிக்கும் மாணவன் ஒருவன். அவனைக் கொல்லத் துணிந்தவர்களுள் ஒருவரான பெண்ணின் தந்தை. இருவரும் பேசி முடித்துச் சென்றபின் இரண்டு தேநீர்க் குவளைகள் அருகருகே நிற்கின்றன. ஒன்றில் பால் கலந்தது, மற்றொன்றில் கலவாதது. நடுவில் ஒரு பூ. படம் அங்கே நிற்கிறது. டீக்கடையில் நம் பாட்டனாருக்கு எந்தக் குவளையில் தந்தார்கள் என்பதை அறிந்தவர்களுக்கு அந்த இரண்டு குவளைகளே ஒரு நூல். குழந்தையைக் கொடுத்துவிட்டு நடந்துபோன அந்தப் பழைய காட்சியில் கண்ட அதே எழுத்துமுறைதான் இது: பேசவேண்டியதைப் பொருளிடம் ஒப்படைத்துவிடுவது. அதனாலேயே இதுவும் மொழி கடந்தது. 2025 ஆகஸ்டில் 'தடக் 2' என்ற பெயரில் இந்தியில் வெளியாயிற்று. சித்தாமூர்க் கதை பம்பாய்க்குப் போய் ஏறத்தாழ எழுபது ஆண்டுகளுக்குப் பின், நம்மவர் எழுதிய நம்முடைய கதை மும்பைக்குச் சென்றது.

நம் கரையின் கதை இன்னும் போகவில்லை. உப்பளத்தைப் பாட்டுக்குப் பின்னணியாக வெண்மையாகக் காட்டுவது எளிது. அங்கே காலை நான்கு மணிக்கு என்ன நடக்கிறது என்பதை அறிந்தவர் எழுதினால்தான் வரும். மழைக்காலத்தில் வேலை நின்றுபோகும் மாதங்களில் வீட்டில் அடுப்பு எவ்வாறு எரிகிறது என்பதும் அப்படியே.

சென்ற கோடையில் நம் இரவுப் பள்ளிப் பிள்ளைகளிடம், உங்கள் வீட்டில் நடந்த ஒன்றைத் திரைப்படக் காட்சியாக ஒரு பக்கம் எழுதிவாருங்கள் என்றேன். பதினோரு பேர் எழுதினர். பத்துப் பேர் சண்டைக் காட்சி எழுதியிருந்தனர். ஒரு பெண் மட்டும் வேறொன்று எழுதியிருந்தாள். சனிக்கிழமை மாலை. கூலிக் கணக்குப் பார்க்கும் இடம். பெண்கள் வரிசையாக நிற்கின்றனர். கணக்கர் நோட்டைப் புரட்டுகிறார். நோட்டில் ஆண்களின் பெயர்கள் இருக்கின்றன. பெண்களுக்குப் பெயர் இல்லை, இன்னார் மனைவி, இன்னார் தாய் என்றே எழுதியிருக்கிறது. பள்ளி விட்டு வந்த மகள் தாயின் தோள் வழியே எட்டிப் பார்க்கிறாள். தாய் பணத்தை வாங்கி முடிந்துகொண்டு நகர்கிறாள். மகள் நகரவில்லை. தன் பையிலிருந்து பேனாவை எடுக்கிறாள். காட்சி முடிகிறது.

வாசித்துவிட்டு, "வசனமே இல்லையே அம்மா?" என்று கேட்டேன்.

"அந்த இடத்தில் யாரும் பேசமாட்டார்கள் ஐயா" என்றாள்.

அந்தத் தாளை வாங்கி, மேலே அவள் பெயரை எழுதித் தரச் சொல்லி, சங்க நூலகத்தில் வைத்திருக்கிறேன்.